தம்பி முகத்தில் விழிக்காத அக்கா

"என் மூக்கு நுனியையே பாருங்க. கடிகாரத்தை இல்ல, என்னை. நான் என்ன அவ்வளவு அசிங்கமாவா இருக்கேன்?" என்று கேட்டுக்கொண்டே, எதிரே உட்கார்ந்திருப்பவரின் மூக்கின்மேல் சின்ன அளவுகோலை வைக்கிறார் கண்ணாடிக்கார அக்கா. இரண்டு கருவிழிகளுக்கும் நடுவே எவ்வளவு இடைவெளி என்று பார்க்க வேண்டும். முகத்துக்கும் முகத்துக்கும் ஒரு சாண்தான் இருக்கும். பெரியவர்கள் கூச்சத்தில் சிரிப்பார்கள். குழந்தைகள் நாக்கை நீட்டும். அக்காவும் பதிலுக்கு நாக்கை நீட்டிவிட்டு அளவைக் குறித்துக்கொள்வார்.

கடை ஒடுக்கமானது. இரண்டு பேர் நின்றால் மூன்றாமவர் வாசலில் காத்திருக்க வேண்டும். லென்ஸ் துடைக்க மெல்லிய துணி அடுக்கி வைத்திருந்தாலும் அக்கா வாயால் ஊதி முந்தானையில்தான் துடைப்பார். முதலாளி பல்லைக் கடிப்பார். "வட்டக் கண்ணாடி வேணாம் தம்பி, முகமே வட்டம். அப்புறம் மூணு வட்டமாயிடும்" என்று வாடிக்கையாளரிடம் அக்கா முகத்துக்கு நேரே சொல்வார். யாரும் கோபித்துக்கொண்டதில்லை.

இப்படி ஊரில் பாதிப் பேருடைய முகத்தைக் கையில் ஏந்திப் பார்த்தவர், ஒரு முகத்தை மட்டும் வருடக்கணக்காகப் பார்ப்பதில்லை. அது அவர் குடியிருக்கும் வீட்டிலேயே, கீழ்த்தளத்தில் இருக்கிறது. கூடப்பிறந்த தம்பி. அக்கா மாடியில். படிக்கட்டு பொது. கீழே தம்பி இருமினால் அக்கா இறங்க மாட்டார். பாதிப் படியில் அகப்பட்டுக்கொண்டால் சுவர்ப் பக்கம் திரும்பி நின்றுவிடுவார். "மூக்கு ஒழுகினப்ப நான் துடைச்சுவிட்ட மூஞ்சிதான். எப்படி இருக்கும்னு எனக்குத் தெரியாதா?" என்பார்.

விஷயம் அம்மாவின் கண்ணில் ஆரம்பித்தது. ஒரு கண் எப்போதோ போய்விட்டது. இன்னொன்றில் புரை எடுத்துக் கட்டுப் போட்டிருந்தார்கள். ஆஸ்பத்திரிக் காகிதம் என்று சொல்லி, படுக்கையிலேயே அம்மாவின் விரலைப் பிடித்துக் கையெழுத்து வாங்கினான் தம்பி. அது மொத்த வீட்டையும் அவன் பேருக்கு எழுதிக்கொடுக்கும் தானப் பத்திரம். அந்த நேரம் அக்கா கடையில் யாருக்கோ ஃபிரேம் பொருத்திக்கொண்டிருந்தார். கட்டு அவிழ்க்குமுன்பே அம்மா மாரடைப்பில் போய்விட்டார். "அந்தக் காரியத்தைச் செஞ்ச மூஞ்சிய எங்கம்மா பாக்காமலே போயிட்டா. நானும் பாக்க மாட்டேன்" என்று அன்றைக்குச் சொன்னதுதான்.

பத்திரம் செல்லாது, பாதி வீடு தனக்கு வேண்டும் என்று வழக்குப் போட்டார். அன்று வார்டில் இருந்த நர்ஸ் சாட்சி சொல்லத் தயாராக இருந்தாள். வழக்கு நிற்கும் என்றார் வக்கீலம்மா. ஆனால் நீதிபதிக்கு ஒரு நம்பிக்கை. கூடப்பிறந்தவர்களை எதிரெதிரே உட்காரவைத்தால் கரைந்துவிடுவார்களாம். இருவரும் நேரில் சமரச அறைக்குப் போய்ப் பேச வேண்டும் என்று உத்தரவு போட்டார். முதல் தடவை அக்கா போகவில்லை. அடுத்த தடவை வராந்தா வரைக்கும் போய்த் திரும்பிவிட்டார். இனி ஒரு தடவை உள்ளே வந்து உட்காராவிட்டால் வழக்கு தள்ளுபடி என்று நீதிபதி எழுதிவிட்டார்.

வக்கீலம்மா தலையில் அடித்துக்கொண்டார். "கண்ணாடிக் கடையிலதானே இருக்கீங்க? ஒரு கறுப்புக் கண்ணாடி மாட்டிக்கிட்டு உள்ள போங்களேன்!"

"கறுப்புக் கண்ணாடி போட்டா வெளியில இருக்கறவங்களுக்குத்தான் தெரியாது மேடம். உள்ள இருக்கற கண்ணுக்கு எல்லாம் தெரியும். நான் விக்கற சாமான் ஆச்சே."

"சரி, கண்ணை மூடிக்கிட்டு உக்காருங்க."

"மூடினா எங்கம்மா மாதிரி ஆயிடுவேன். அப்பவும் அவன் கையெழுத்து வாங்கிடுவான்."

கடைசி வாய்தா அன்று அக்கா எல்லோருக்கும் முன்பே வந்து வராந்தா பெஞ்சில் உட்கார்ந்துவிட்டார். தம்பி, இஸ்திரி போட்ட சட்டையும் படிய வாரிய ஈரத் தலையுமாக வந்தான். செருப்புச் சத்தம் கேட்டதும் அக்கா சுண்ணாம்புச் சுவரைப் பார்த்துத் திரும்பிக்கொண்டார். அவன் உள்ளே போய் உட்கார்ந்தான். சமரசம் பேசுகிற பெரியவர் வெளியே வந்து கூப்பிட்டார்.

"நடுவுல ஒரு துணி கட்டுங்க சார். எவ்வளவு நேரம் வேணும்னாலும் பேசறேன்."

"இது என்னம்மா, துணிக்கடையில போட்டுப் பாக்கற ரூமா? உள்ள வாங்க."

"நான் என்ன பேயா?" என்று உள்ளேயிருந்து தம்பியின் குரல் வந்தது. "பாருங்க சார், நான் எப்பக் கூப்பிட்டாலும் வரேன். அவங்கதான் மாட்டேங்கறாங்க."

அக்கா எழுந்தார். வாசல் வரைக்கும் போனார். நிலையைப் பிடித்தபடி கொஞ்ச நேரம் நின்றார். வக்கீலம்மா பின்னாலிருந்து முதுகில் கை வைத்து லேசாகத் தள்ளிக்கூடப் பார்த்தார். அக்கா திரும்பி வந்து பெஞ்சில் உட்கார்ந்தார்.

நீதிமன்ற உத்தரவுக்கு வாதி கீழ்ப்படியவில்லை என்று வழக்கு தள்ளுபடி ஆயிற்று. பிரதிவாதி ஒவ்வொரு முறையும் தவறாமல் ஆஜராகி ஒத்துழைத்தார் என்றும் அதில் எழுதியிருந்தது. அம்மாவின் கண்கட்டைப் பற்றி ஒரு வரி இல்லை. நர்ஸ் கூண்டில் ஏறவே இல்லை.

"இன்னும் வழி இருக்கு," என்றார் வக்கீலம்மா. "மன்னிப்பு கேட்டு மனு போட்டா திரும்ப எடுப்பாங்க. தம்பியோட உக்காந்து பேசறேன்னு எழுதிக் கையெழுத்துப் போடுங்க. அப்புறம் பாத்துக்கலாம்."

"நான் உக்கார மாட்டேன்னு உங்களுக்குத் தெரியும். அப்ப அது பொய்க் கையெழுத்துதானே? எங்க வீட்டுல ஏற்கெனவே ஒண்ணு இருக்கு மேடம், போதும்."

மறுநாள் கடையில் முதலாளி பொறுக்கமாட்டாமல் கேட்டார்: "ஒரு மூஞ்சிய பாக்க மாட்டேன்னு ஒரு வீட்டையே விடறியேம்மா?"

"எனக்குப் பதிலா நீங்க போய்ப் பாத்துட்டு வாங்க முதலாளி. மாடி ரூமை உங்களுக்கே தரேன்" என்று சொல்லிவிட்டு அக்கா அடுத்தவரின் மூக்கில் அளவுகோலை வைத்தார். அன்று இரண்டு முறை அளவு தவறி, மூன்றாம் முறை எடுத்தார்.

சாயங்காலம் அக்கா பாத்திரம் கழுவிக்கொண்டிருந்தபோது தம்பி மாடியேறி வந்தான். வழக்குப் போட்ட பிறகு அவன் மேலே வந்தது அதுதான் முதல் தடவை. அக்கா குழாயடியிலேயே நின்றார். அவன் வாசற்படியைத் தாண்டவில்லை.

"அக்கா. கேஸுதான் முடிஞ்சிடுச்சே. தெருவுல எல்லாரும் என்னைத்தான் ஒரு மாதிரி பாக்கறாங்க. ஒரே ஒரு தடவை திரும்பி என்னைப் பாரு. சாகற வரைக்கும் நீ இங்கயே இருக்கலாம். நான் எதுவும் கேக்க மாட்டேன்."

அக்கா குழாயை மூடினார். "அக்கா" என்று அவன் மறுபடியும் கூப்பிட்டான்.

ஈரக் கையைத் துடைத்துக்கொண்டு இடுப்பில் செருகியிருந்ததை எடுத்தார் அக்கா. முகம் ஜன்னல் பக்கமே இருக்க, கையை மட்டும் பின்னால் நீட்டினார். விரித்த உள்ளங்கையில் மாடி அறைச் சாவி இருந்தது.