அக்கா கணக்குப் பாஸான வருஷம்

நானும் அக்காவும் ஒரே வருஷத்தில்தான் சாதாரண தரக் கணிதப் பரீட்சை எழுதினோம். எனக்குப் பதினாறு வயது, முதல் தடவை. அவளுக்குக் கல்யாணமாகி, அப்போதுதான் நடக்கத் தொடங்கியிருந்த பெண் குழந்தையும் இருந்தது. மற்றப் பாடங்களில் எல்லாம் பள்ளிக்கூடக் காலத்திலேயே சித்தியடைந்துவிட்டாள். கணிதம் மட்டும் போய்விட்டது. அதோடு பசறைக்கு மேலே எங்கள் தேயிலைத் தோட்டத்தில் கொழுந்து பறிக்கப் போனவள்தான்.

மலைக்குப் போகும் தாய்மார் குழந்தைகளை விட்டுப்போகும் பிள்ளைக்காம்பராவில், பார்த்துக்கொள்கிற அம்மா ஓய்வு பெறப் போகிறார் என்று தெரிந்தது. அந்த வேலைக்குக் கணிதச் சித்தி வேண்டும் என்றார்கள். அன்றைக்கே அக்கா என் புத்தகத்தை எடுத்து விரித்தாள்.

வேலை விட்டு வந்து, குளித்து, அடுப்பில் ரொட்டி போட்டுக்கொண்டே படிப்பாள். பின்னம், சதவீதம் எல்லாம் மெல்லப் பிடிபட்டன. இரண்டு விலை தெரியாத கணக்கு வந்தால் மட்டும் நின்றுவிடுவாள். மூன்று கொப்பியும் இரண்டு பேனையும் முந்நூற்று நாற்பது ரூபாய். ஒரு கொப்பியும் இரண்டு பேனையும் நூற்று எண்பது. ஒவ்வொன்றின் விலை என்ன?

"கடைக்காரர்கிட்ட கேட்டாச் சொல்லிருவாருல்ல. அதுக்கு எதுக்குடி கணக்கு?"

"எக்ஸ், வை-ன்னு போடணும் அக்கா."

"எனக்கு எக்ஸும் தெரியல, வையும் தெரியல. கொப்பி, பேனான்னா தெரியும்."

எனக்கும் டீச்சர் சொன்ன மாதிரி எழுதத் தெரியுமே தவிர, அவளுக்கு விளங்கும்படி சொல்லத் தெரியவில்லை. பல நாள் அந்தப் பக்கத்தைத் தாண்டிப் போனோம். ஒரு சாயங்காலம், பிள்ளைக்குச் சோறு ஊட்டிக்கொண்டிருந்தவள் திடீரென்று கையை நிறுத்தினாள்.

"இங்க பாரு. கடையில ரெண்டு பொம்பளைங்க நிக்கிறாங்க. ரெண்டு பேரு கையிலயும் ரெண்டு ரெண்டு பேனா. அது ஒண்ணுதானே, அத விட்டுரு. ஒருத்தி மட்டும் ரெண்டு கொப்பி கூட வாங்கியிருக்கா. அதுக்குத்தான் நூத்தி அறுபது ரூவா கூடக் குடுக்குறா. அப்ப கொப்பி எம்பது."

பேனை ஐம்பது என்று நான் சொல்வதற்குள் அவளே சொல்லிவிட்டாள். சோறு காய்ந்த கையோடு உட்கார்ந்து சிரித்தாள். பிள்ளையும் காரணம் தெரியாமல் சிரித்தது. அதற்குப் பிறகு எந்தக் கணக்கு வந்தாலும் கடையில் இரண்டு பேரை நிறுத்திவிடுவாள். ஒருத்தி பணக்காரி, ஒருத்தி நம்மைப் போல. எக்ஸ், வை எல்லாம் கடைசியில்தான் வந்து உட்காரும்.

பரீட்சை முடிந்து பதுளையில் பஸ்ஸுக்கு நின்றபோது, "நம்ம ரெண்டு பொம்பளைங்களும் வந்தாங்கடி. இந்தத் தடவ மாம்பழமும் தோடம்பழமும் வாங்கினாங்க," என்றாள்.

பெறுபேறு வந்த அன்று போனில் முதலில் அவளுடையதைத்தான் பார்த்தோம். சித்தி. அத்தான் எங்கள் லயத்து வீடுகள் முழுக்க எல்லாருக்கும் டொபி கொடுத்தார். தோட்ட ஆபீசில் அடுத்த மாதம் முதலாம் தேதி பிள்ளைக்காம்பரா வேலைக்கு வரச் சொன்னார்கள்.

"இனி மலைக்குப் போவாத. வீட்டுல இரு," என்றார் அத்தான்.

"கொஞ்ச நாள்தானே. சும்மா இருந்து என்ன செய்ய?"

மாதம் முடிய ஒரு வாரம் இருந்தது. பத்து மணி இருக்கும், மலையில் சத்தம் கேட்டது. கொழுந்துச் செடிக்கு மேலே நின்ற மரத்தில் இருந்த குளவிக்கூடு கலைந்துவிட்டது. மற்றப் பெண்கள் கீழே ஓடினார்கள். அக்காவுக்குப் பக்கத்தில் பறித்த வயதான அம்மா விழுந்துவிட்டார். அக்கா திரும்பிப் போய், தான் இடுப்பில் கட்டியிருந்த படங்குச் சாக்கை அவிழ்த்து அவரை மூடியிருக்கிறாள். அந்த அம்மா பிழைத்துக்கொண்டார்.

உடம்பெல்லாம் குளவி கொட்டியிருந்த அக்காவைக் கொழுந்து லொறியில்தான் பதுளை ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனோம். முகமே அடையாளம் தெரியவில்லை. என் கையைப் பிடித்தாள், எதுவோ சொன்னாள், உதடு வீங்கியிருந்ததால் எனக்கு விளங்கவில்லை. "என்னக்கா?" என்று இரண்டு மூன்று முறை கேட்டேன். அவளும் சொல்லிச் சொல்லிப் பார்த்தாள். கடைசியில் வேண்டாம் என்பதுபோலத் தலையை ஆட்டினாள். பின்னேரம் போய்விட்டாள். அவள் என்ன சொன்னாள் என்று இன்றுவரை எனக்குத் தெரியாது. பிள்ளையின் பெயராக இருக்கலாம், தண்ணீராகவும் இருக்கலாம்.

கருமாதி முடிந்த அன்று அந்த வயதான அம்மா வந்து வாசலில் நின்றார். உள்ளே வரத் தயங்கினார். "எனக்கு என்னய்யா, நான் இருந்தா என்ன, போனா என்ன," என்று அத்தானிடம் அழுதார்.

அத்தான் எழுந்து அவரைக் கைப்பிடித்து உட்கார வைத்தார். "அப்படிச் சொல்லாதீங்கம்மா. அவ காப்பாத்துன உசுரு," என்றார். அந்த அம்மா போனபின் அத்தான் பின்பக்கம் போய், தண்ணீர்ப் பைப்பைத் திறந்துவிட்டு நெடுநேரம் நின்றார். சத்தம் வெளியே கேட்கக் கூடாது என்றுதான் திறந்தார் என்று எங்களுக்குத் தெரியும்.

இப்போது அத்தான் கொழும்பில் வேலை செய்கிறார், மாதம் ஒருமுறை வருவார். பிள்ளை என்னிடம் வளர்கிறாள். என்னை அம்மா என்று கூப்பிடத் தொடங்கினாள். "சித்தி சொல்லு," என்று கொஞ்ச நாள் திருத்தினேன். பிறகு திருத்துவதை விட்டுவிட்டேன்.