நீல பிளவுஸ் எழுந்து போகவில்லை

வெர்னாவைத் திரையில் பார்க்காத அமெரிக்கர் இருக்க முடியாது. பார்த்ததாக ஞாபகம் வைத்திருப்பவரும் இருக்க முடியாது. ஹீரோவும் ஹீரோயினும் காதலிக்கிற உணவகம், சண்டை போடுகிற விமான நிலையம், ஒருவரை ஒருவர் துரத்திப் பிடிக்கிற தெரு, எல்லாவற்றிலும் அவர்களுக்குப் பின்னால் கொஞ்சம் மங்கலாக அவள் இருப்பாள். நடிகையாக வேண்டும் என்று லாஸ் ஏஞ்சலீஸுக்கு வந்து, துணை நடிகையாகவே தலை நரைத்தவள். அதற்காக மூக்கைச் சிந்துகிற ரகமில்லை. தன்னால் ஒரு ஷாட்கூடக் கெட்டதில்லை என்பதில் அவளுக்குக் கொஞ்சம் தலைக்கனமே உண்டு.

அந்தத் தொழிலில் சத்தம் வரக்கூடாது. முன்னால் நட்சத்திரங்கள் பேசுவது மட்டும்தான் பதிவாக வேண்டும். பின்னால் கும்மாளமான விருந்தே நடந்தாலும் வாய்தான் அசையும். செருப்புக்கு அடியில் கம்பளித் துண்டு, கோப்பையில் ரப்பர் ஐஸ்கட்டி, ஒயினுக்குப் பதில் திராட்சைச் சாறு. வாயசைப்புக்கும் ஒரு வழக்கம் உண்டு. பட்டாணி, கேரட், பட்டாணி, கேரட் என்று உதட்டை அசைத்துக்கொண்டிருந்தால் தூரத்திலிருந்து பார்ப்பவருக்கு ஏதோ ஊர்க்கதை பேசுவதுபோல இருக்கும். அந்தக் கண்றாவியைப் பார்த்தால் சிரிப்பு வரும் என்று வெர்னா எதிராளியின் உதட்டைப் பார்க்கவே மாட்டாள். கழுத்து டையைத்தான் பார்ப்பாள்.

அவள் அதிகம் பார்த்தது ஆர்லோவின் டைகளை. ஆர்லோ பஸ் ஓட்டி ஓய்வு பெற்றவன், மனைவியை இழந்தவன். நல்ல புருஷன் களை முகத்தில் இருக்கிறது என்று உதவி இயக்குநர்கள் எல்லாரும் அவனை வெர்னாவுக்கு எதிரேதான் உட்கார வைப்பார்கள். எத்தனையோ படங்களில் இருவரும் தம்பதி. பேக்கப் ஆனதும் அவன் ஒரு பக்கம், அவள் ஒரு பக்கம். மாதக் கடைசியில் வேறு மாநிலத்தில், டூசானில் இருக்கும் தம்பி வீட்டோடு போய்விடப் போகிறேன் என்று ஒருநாள் அவன் சொன்னபோது, "நல்லதாப் போச்சு, அங்க வெயில் நல்லா அடிக்கும்" என்றாள் வெர்னா. வீட்டுக்கு வந்து தன் வாயைத் தானே திட்டித் தீர்த்தாள். போகாதே என்று சொல்ல அந்த வாய்க்கு என்ன கேடு?

இருவரும் சேர்ந்து நடித்த கடைசி நாளும் உணவகக் காட்சிதான். ஹீரோவை ஹீரோயின் கைவிடுகிறாள். அவள் கோப்பையைக் கீழே வைத்ததும் பின்மேசையில் வெர்னா கலகலவென்று வாயசைத்துச் சிரித்து, கைப்பையை எடுத்துக்கொண்டு போய்விட வேண்டும். பின்னால் ஒரு சிரிப்பு நடந்து போனால் முன்னால் இருப்பவனின் தனிமை இன்னும் உறைக்கும் என்பது இயக்குநரின் கணக்கு. காலை முழுக்க உணவகம் மொத்தமும் தெரியும் அகல ஷாட். ஒவ்வொரு டேக்கிலும் வெர்னா டையைப் பார்த்தாள், சிரித்தாள், போனாள்.

சாப்பாட்டு இடைவேளையில் ஆர்லோ முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டு புரீட்டோ ரொட்டிச் சுருளைக் குத்திக்கொண்டிருந்தான்.

"என்னய்யா, உர்ருனு இருக்கே?"

"நீ சிரிச்சது போதாதா?"

"டைரக்டர் சிரிக்கச் சொன்னாரு, சிரிச்சேன்."

"நான் ஒவ்வொரு டேக்லயும் கேட்டேன். நீ ஒவ்வொரு டேக்லயும் சிரிச்சுட்டு எழுந்து போன."

"பட்டாணி கேரட்டுக்கு யாராவது அழுவாங்களா?"

"நான் பட்டாணியும் சொல்லல, கேரட்டும் சொல்லல."

வெர்னா தன் தட்டைத் தள்ளி வைத்தாள். "அப்ப வேற என்ன சொன்ன? இப்ப வாயத் திறந்து சொல்லேன்."

"எல்லார் முன்னாலயுமா? போம்மா. நாக்கு ஒட்டிக்குது. கேமரா ஓடறப்ப என் மூஞ்சியப் பாரு, டையப் பாக்காத."

மதியம் ஹீரோவின் குளோசப். பின்னால் வெர்னாவின் பிளவுஸ் ஒரு நீலக் கறை, ஆர்லோவின் கோட்டு ஒரு பழுப்புக் கறை. காலையில் செய்ததையே அச்சுப் பிசகாமல் செய்ய வேண்டும், இல்லையென்றால் இரண்டு ஷாட்டும் ஒட்டாது.

ஆக்‌ஷன் என்றார்கள். வெர்னா நிமிர்ந்து ஆர்லோவின் உதட்டைப் பார்த்தாள். நிதானமாக, ஒவ்வொரு சொல்லாக, சத்தமே இல்லாமல் அவன் கேட்டான்: என்னைக் கல்யாணம் பண்ணிக்கிறியா?

ஹீரோயின் கோப்பையைக் கீழே வைத்தாள். வெர்னாவின் கை பழக்கதோஷத்தில் கைப்பைக்குப் போனது. இத்தனை வருஷத்துப் பெருமையும் அந்தக் கையில்தான் இருந்தது. இப்போது சிரித்து எழுந்து போனால் ஆர்லோ நேரே டூசானுக்குத்தான் போவான். அவள் பையை விட்டுவிட்டு அவன் கையைப் பிடித்துக்கொண்டாள். சரி என்று தலையை ஆட்டினாள், ஆட்டிக்கொண்டே இருந்தாள்.

கட் என்றதும், ஷாட்டுக்கு ஷாட் ஒட்டுகிறதா என்று கன்டினியூட்டி பார்க்கும் மிரியம் கத்தினாள். "நீல பிளவுஸ் எழுந்து போகல! காலைல போச்சே!"

அப்போதும் வெர்னா ஆர்லோவின் கையை விடவில்லை. இயக்குநர் மானிட்டரைப் பார்த்தார். ஹீரோவின் கன்னத்தில் நிஜக் கண்ணீர் வழிந்துகொண்டிருந்தது.

"இதுதான் டேக். இந்தக் கண்ண விட்டுட்டு நீல பிளவுஸ எவன் பாக்கப் போறான்?"

படம் வந்ததும் புருஷனும் பெண்சாதியுமாக பர்பேங்க் தியேட்டருக்குப் போனார்கள். அகல ஷாட்டில் நீலக் கறை சிரித்துவிட்டு வெளியே போனது. அடுத்த ஷாட்டில் அதே நாற்காலியில், பழுப்புக் கறையின் கையைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தது. அரங்கு முழுக்க ஹீரோவின் கண்ணைப் பார்த்து விசும்பிக்கொண்டிருந்தது. இந்தப் பிசகு ஒருத்தருக்கும் தெரியவில்லை.

"போனவ திரும்பி வந்துட்டாடி" என்று ஆர்லோ காதில் கிசுகிசுத்தான்.

வெர்னா வாய்விட்டு, அரங்கே திரும்பிப் பார்க்கும்படி சிரித்தாள். முன்வரிசைப் பெண் கண்ணைத் துடைத்துக்கொண்டே திரும்பி, "கொஞ்சம் சத்தம் போடாம இருக்கீங்களா?" என்றாள். அப்படி ஒருவர் தன்னிடம் சொன்னது வெர்னாவின் வாழ்க்கையில் அதுவே முதல் தடவை. அவள் இன்னும் பலமாகச் சிரித்தாள்.