கோடெக் போட்டதும் வந்த குரல்

முடிதிருத்தும் கடை நடத்தும் அவளை எல்லோரும் ரேடியோ அக்கா என்றுதான் கூப்பிடுவார்கள். கத்திரி நின்றாலும் வாய் நிற்காது. கணவன் லாரி ஓட்டப் போய்விட, அவன் கடையை இவள் கையில் எடுத்தாள். பெண்ணிடம் கழுத்தை நீட்டத் தயங்கிய ஆண்களையெல்லாம் பேசிப் பேசியே நாற்காலியில் உட்கார வைத்தாள்.

வெளியூரில் இருக்கும் தங்கை ஒரு வீடியோ அனுப்பினாள். அவள் மகள் பள்ளி மேடையில் பேசியது. அக்காவின் போனில் படம் பளிச்சென்று ஓடியது. சத்தம்தான் வரவில்லை. தட்டிப் பார்த்தாள், காதில் வைத்துப் பார்த்தாள். ம்ஹூம்.

தங்கையைப் போனில் கூப்பிட்டாள். "இங்க நல்லாத்தான் கேக்குது" என்றாள் தங்கை.

"என்னடி பேசுறா?"

"நான் சொல்ல மாட்டேன். நீயே கேட்டுக்கோ" என்று சிரித்துவிட்டுப் போனை வைத்துவிட்டாள்.

அக்கா சும்மா இருப்பாளா? வாடிக்கையாளர்களுக்குப் படத்தைக் காட்டி, தானே குரல் கொடுத்தாள். காலையில் மரம் வளர்ப்பு, மாலையில் தண்ணீர் சிக்கனம். குழந்தையின் கையசைப்புக்கு எல்லாமே பொருந்தியது.

ஒருநாள் செல்போன் பழுதுபார்ப்பவர் சவரத்துக்கு வந்தார். முகம் முழுக்க நுரை.

"தண்ணீர்னு சொல்றீங்க, பாப்பா தும்முற மாதிரில்ல காட்டுது?" என்றபடி போனை வாங்கிப் பார்த்தார். "போன்ல கோளாறு இல்லக்கா. இந்தச் சத்தத்தைப் படிக்கிற கோடெக்னு ஒரு சின்ன மென்பொருள் உங்க வீடியோ பிளேயர்ல இல்ல. தனியா இறக்கிப் போட்டா பேசும்."

"அப்ப போடுங்களேன், ஏன் என் மூஞ்சியைப் பார்த்துக்கிட்டு இருக்கீங்க!"

நுரை காயக் காய வேலை நடந்தது. போனில் இருக்கும் ப்ராசஸர் எந்த வகை என்று பார்த்தார். அதற்குப் பொருந்தும் கோடெக்கை பிளேயர்காரர்களின் தளத்திலேயே தேடி இறக்கினார். அந்தக் கோப்பு இருக்கும் இடத்தை பிளேயரின் அமைப்புகளில் காட்டியதும், பிளேயர் தானே மூடி மறுபடி திறந்தது.

கணீரென்று வந்தது குரல்.

"எனக்குப் பிடித்தவர் என் பெரியம்மா. ஒருநாள் அவர் தும்மியதில் ஒரு போலீஸ்காரரின் பாதி மீசை போய்விட்டது. 'இப்ப மீசை இல்லாததுதாங்க ஸ்டைல்' என்று மீதியையும் எடுத்துவிட்டார். போலீஸ்காரரும் நன்றி சொல்லிவிட்டுப் போனார்!"

கடையே வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தது. பழுதுபார்ப்பவர் அவசரமாகத் தன் மீசையைப் பொத்திக்கொண்டார். அக்காவுக்கோ சிரிப்பும் கண்ணீரும் ஒன்றாக வந்தன. உடனே தங்கை மகளுக்குப் போன் போட்டாள்.

"ஏன்டி தங்கம், என் மானத்தை மேடை ஏத்திட்டியே! பரிசாவது குடுத்தாங்களா?"

"இல்ல பெரியம்மா. டீச்சர் சிரிச்சு சிரிச்சு மார்க் போடவே மறந்துட்டாங்க."

"போகட்டும் விடு. லீவுக்கு இங்க வா. இன்னும் பெரிய கதையெல்லாம் வச்சிருக்கேன்!"