சட்டன் பூங்காவில் ஒரு முழங்கால்

ரயிலுக்கு நேரம் இருப்பதால் சட்டன் என்ற ஊரில் ஒரு பூங்காவுக்குள் நுழைகிறேன். முட்டை வடிவப் பந்தைத் துரத்திப் பெண்கள் ஓடுகிறார்கள். இரு முனையிலும் நான்கு நான்கு கம்பங்கள். இது ரக்பி இல்லை, ஆஸ்திரேலியர்களின் ஃபுட்பால் என்கிறார் பக்கத்தில் நிற்கும் ஓர் அம்மா. "முருகா" என்று அவர் முணுமுணுத்ததைக் கேட்டுத்தான் தமிழில் பேச்சுக் கொடுத்தேன்.

முடியை இறுகப் பின்னியிருப்பவள் அவர் மகள். மெல்பர்னில் சம்பளத்துக்கு ஆடியவள். முழங்கால் தசைநார் அறுந்து, ஆபரேஷன் முடிந்து, இன்றுதான் மறுபடி ஆடுகிறாள். கால் தாங்குகிறதா என்று பார்க்க மெல்பர்ன் கிளப் வீடியோ கேட்டிருக்கிறது. அம்மா போனை இரு கைகளாலும் பிடித்திருக்கிறார், கண்களை இறுக மூடியபடி.

"போனமுறை நான் பாத்துக்கொண்டிருக்கேக்கதான் கால் போனது, தம்பி. இனிப் பாக்கமாட்டன். நீங்கள் பாத்துச் சொல்லுங்கோ."

பந்து உயரே வருகிறது. மகள் இரண்டு பேருக்கு மேலே எம்பிப் பிடிக்கிறாள். அந்தக் காலிலேயே இறங்கி, சரிந்து விழுகிறாள்.

"எழும்பிட்டாளோ? சொல்லுங்கோ தம்பி!"

புல்லில் கையூன்றுகிறாள். நிற்கிறாள். ஓடுகிறாள்.

"எழுந்துட்டாங்க அக்கா. ஓடுறாங்க."

"வீடியோ வடிவா வந்திருக்கோ?"

எட்டிப் பார்க்கிறேன். பதிவு ஓடிக்கொண்டுதான் இருக்கிறது. திரையில் மைதானம் இல்லை. மூடிய கண்களும் நடுங்கும் உதடுகளுமாக அவர் முகம். ஓரத்தில், எட்டிப் பார்க்கும் என் முகம்.