என் ரத்தம் என்று சொன்னேன்

என் தங்கையின் உடம்பில் ஓடுவது என் ரத்தம் அல்ல. அதில் ஒரு துளிகூட என்னுடையது இல்லை.

எங்கள் ஊரில் யாரைக் கேட்டாலும் வேறு மாதிரிதான் சொல்வார்கள். 'செலின் தன் ரத்தத்தைக் கொடுத்துத் தங்கச்சி ரெஜினாவைப் பிழைக்க வைத்தாள்' என்பார்கள். ஞாயிற்றுக்கிழமைப் பிரசங்கத்தில்கூட அது ஒருமுறை வந்துவிட்டது. பீடத்தைப் பார்க்காமல் தலைகுனிந்து உட்கார்ந்திருந்தேன். அடக்கம் என்று நினைத்தார்கள்! அந்தப் பொய்யைச் சொன்னவள் நான். இன்றுவரை திருத்தாதவளும் நான்.

நீங்கள் முகம் சுளிப்பது எனக்குத் தெரிகிறது. தாராளமாகச் சுளியுங்கள். ஆனால் முழுவதும் கேட்டுவிட்டுச் சுளியுங்கள்.

தஞ்சாவூரிலிருந்து கும்பகோணம் போகும் சாலையில் கொஞ்சம் உள்ளே தள்ளியிருக்கிறது எங்கள் ஊர். வீட்டுக்கு ஒருவர் வெளிநாடு போய், ஓட்டு வீடுகள் எல்லாம் மாடி வீடுகளாகிக்கொண்டிருந்த காலத்தில் நானும் நர்ஸ் படிப்பை முடித்து மஸ்கட் போனேன். பிறகு அங்கேயே கல்யாணம், பிள்ளை, வேலை... அப்பா இறந்தபோது லீவு கிடைக்கவில்லை. அடக்கத்துக்கு வராத மூத்த மகள் என்று அம்மா என்னோடு வருஷக்கணக்கில் முகம் கொடுத்துப் பேசவில்லை. ஊரில் அம்மாவோடு இருந்தவள் கல்யாணம் ஆகாத ரெஜினா. நாற்றங்கால் விடுவதிலிருந்து அறுப்பு மிஷினுக்கு அலைவதுவரை அப்பா விட்டுப்போன நிலத்தைப் பார்த்தவள் அவள்தான்.

அவளுக்குத்தான் அந்த நோய் வந்தது.

முதலில் விரல் நுனிகள் வெளுத்தன. வாய்க்கால் தண்ணீரில் கை வைத்தால் மெழுகுத் துண்டு மாதிரி ஆகிவிடும். பிறகு தோல் இறுகத் தொடங்கியது. கையில், மார்பில், முகத்தில் ஒரு சுருக்கம் இல்லை. 'ரெஜினாவுக்கு மட்டும் வயசே ஆகலடி!' என்று நடவுக்கு வந்த பெண்கள் கேலி செய்தார்களாம். அவளும் சேர்ந்து சிரித்திருக்கிறாள். அடுத்த அறுவடைக்குள் ஒரு கவளம் சோற்றுக்குக்கூட வாயைத் திறக்க முடியவில்லை. மாடிப்படி ஏறினால் மூச்சு நின்று நின்று வந்தது.

உடம்பைக் காக்க வேண்டிய அணுக்கள் உடம்பையே எதிரி என்று நினைத்துத் தாக்குகிற நோய். மருந்துகள் கேட்கவில்லை. நான் லீவு போட்டு வந்து, விசாரித்து, வடக்கே ஒரு பெரிய நகரத்து ஆஸ்பத்திரிக்கு அவளைக் கூட்டிப்போனேன். செலவு முழுவதும் என்னுடையது. அதை ஏன் சொல்கிறேன்? பணம் கொடுத்தவளை யாரும் கட்டிப்பிடித்து அழுவதில்லை என்பதற்காகத்தான் சொல்கிறேன். பின்னால் உங்களுக்கே புரியும்.

அங்கே டாக்டரம்மாவுக்குத் தமிழ் தெரியாது. ரெஜினாவுக்குத் தமிழைத் தவிர வேறு தெரியாது. நடுவில் நான்... மஸ்கட்டில் என்னோடு வேலை பார்த்தவர்களிடம் பழகிய இந்தியோடு.

டாக்டரம்மா பொறுமையாகச் சொன்னார். இவளுடைய ரத்தத்திலிருந்தே ஸ்டெம் செல்களை, அதாவது மற்ற ரத்த அணுக்கள் எல்லாம் பிறந்து வருகிற மூல அணுக்களை, பிரித்து எடுத்து உறையவைப்போம். அப்புறம் கடுமையான மருந்து கொடுத்து, புத்தி கெட்டுப்போன காவல் அணுக்களை அடியோடு அழிப்போம். பிறகு எடுத்துவைத்ததை அவளுக்கே திருப்பி ஏற்றுவோம். எல்லோருக்கும் பலிக்கும் என்று சொல்ல முடியாது. உயிருக்கும் ஆபத்து உண்டு. ஆனால் நுரையீரல் இன்னும் இறுகிவிட்டால் இதைக்கூடச் செய்ய முடியாது.

நான் அதை விவசாயக்காரிக்குப் புரிகிற மாதிரி சொல்ல நினைத்தேன். அங்கேதான் வம்பு.

"வயல்ல இருக்குறத எல்லாம் அழிச்சிட்டு, முன்னாடியே எடுத்து வச்ச விதை நெல்லத் திரும்ப விதைக்கிற மாதிரிடி" என்றேன்.

ரெஜினா என்னை ஒரு பார்வை பார்த்தாள். "சீக்கு விழுந்த வயல்ல எடுத்த நெல்ல யாராச்சும் விதைக்கு வப்பாங்களா? வேற ஊரு விதைய வாங்கியாந்துதான் விடுவாங்க. என்னக்கா பேசுற நீ?"

சீக்கு விதையில் இல்லை, வளர்ந்த பயிரில்தான் இருக்கிறது என்றேன். காதில் வாங்கவில்லை. என் ரத்தம்தானே எனக்குச் சத்ரு, அதையே மறுபடி எனக்குள் விடுவதற்கு இவ்வளவு தூரம் வந்தோமா என்றாள். டாக்டரம்மா என்னிடம் சொல்ல, நான் அவளிடம் சொல்ல, வார்த்தைகள்தான் தீர்ந்தன. கடைசியில், "ஊருக்கு டிக்கெட் போடுக்கா. சாவுறத அம்மாகிட்டயே சாவுறேன்" என்று எழுந்துவிட்டாள்.

அன்று சாயங்காலம் சாமான்களைக் கட்டிக்கொண்டிருந்தவளிடம் சொன்னேன்: "உன் விதை வேணாம். என்னோடத எடுக்கச் சொல்லிட்டேன்."

அவள் கையில் மடித்த புடவை அப்படியே நின்றது. "நெசமாவாக்கா? உனக்கு ஒண்ணும் ஆயிடாதுல்ல?"

பாருங்கள், அவள் கேட்ட முதல் கேள்வி அதுதான்!

ஒரு விஷயம் உங்களுக்குச் சொல்ல வேண்டும். கூடப்பிறந்தவளின் அணுக்களாக இருந்தாலும் அவை புது உடம்போடு சண்டை போடக்கூடும். அதனால்தான் சொந்த அணுக்களையே எடுக்கிறார்கள். அவள் சந்தேகப்பட்டதுதான் அவளுக்குப் பத்திரம். நர்ஸான எனக்கு இது நன்றாகத் தெரியும். தெரிந்தேதான் புளுகினேன். டாக்டரம்மாவிடம், தங்கச்சி சம்மதித்துவிட்டாள் என்று மட்டும் சொன்னேன்.

பிறகு ஒரு பொய்யைக் காப்பாற்ற எத்தனை பொய்கள்! கழுத்தில் குழாய் போட்டு அவளை மிஷினோடு இணைத்தபோது, "உன் கெட்ட ரத்தத்த வடிகட்டுறாங்க" என்றேன். அந்த நேரத்தில் எனக்கும் எடுக்கிறார்கள் என்று சொல்லிவிட்டு ஆஸ்பத்திரி வாசல் டீக்கடையில் போய் உட்கார்ந்தேன். பஞ்சை வைத்து முழங்கை மடிப்பில் நானே பிளாஸ்திரி ஒட்டிக்கொண்டேன். ஏற்றவேண்டிய பையின்மேல் இங்கிலீஷில் தன் பெயர் இருப்பதை அவள் எழுத்துக்கூட்டிக் கண்டுபிடித்தபோது, "யாருக்குப் போகணும்னு எழுதுவாங்கடி" என்றேன். கண்ணை மூடிக்கொண்டு நம்பினாள்.

ஏற்றிய நாளில் அறை முழுவதும் பூண்டு வாசனை. உறையவைப்பதற்காகச் சேர்க்கிற மருந்தின் வாசனை அது. முடியெல்லாம் கொட்டி, உதடு வெடித்து, படுக்கையோடு படுக்கையாகக் கிடந்தவள் மெல்லச் சிரித்தாள். "பூண்டுக் கொழம்பு சாப்ட்டுட்டா குடுத்த?" என்றாள். நானும் சிரித்தேன்... வெளியே வந்து சுவரைப் பிடித்துக்கொண்டு அழுதேன். பயத்தில் அழுதேன், குற்ற உணர்ச்சியில் இல்லை. அவள் செத்துப்போனால் அவள் சம்மதிக்காத ஒன்றைச் செய்து கொன்றவள் நான் அல்லவா?

அவள் சாகவில்லை. மெதுவாக மீண்டாள். பச்சைப்பிள்ளைகளுக்குப் போடும் தடுப்பூசிகளை எல்லாம் மறுபடி போட்டுக்கொண்டாள். சில மாதங்கள் கழித்து ஒரு காலையில் புறங்கைத் தோலைக் கிள்ளித் தூக்கிக் காட்டினாள். தோல் வந்தது! கிள்ளினால் பிடிக்கே அகப்படாத தோல்! இரண்டு பேரும் பைத்தியக்காரிகள் மாதிரி மாறி மாறிக் கிள்ளிப் பார்த்தோம்.

இப்போது சொல்லுங்கள். நான் உண்மையைச் சொல்லி, அவளைப் பிணமாக ஊருக்குக் கொண்டுவந்திருக்க வேண்டுமா? ஒரு நோயாளி தன் உடம்பில் ஏறுவது என்ன என்று தெரிந்துதான் சம்மதிக்க வேண்டும் என்ற பாடத்தை எனக்கு எடுக்காதீர்கள். அந்தப் பாடத்தைப் படித்துத் தேர்ச்சி பெற்றவள் நான். அந்தப் பொய்யை இன்னொரு முறையும் சொல்வேன். கூசாமல் சொல்வேன்! பாவசங்கீர்த்தனத் தொட்டியில் எத்தனையோ முறை முழங்கால் போட்டிருக்கிறேன். பொறாமை, கோபம், பூசை தவறியது எல்லாம் சொல்லியிருக்கிறேன். இதைச் சொன்னதில்லை. இது பாவம் என்று ஒப்புக்கொள்ள எனக்கு மனம் இல்லை.

ஆனால் பொய் அங்கேயே நின்றுவிடவில்லையே...

ஊருக்கு வந்ததும் அம்மா என் இரண்டு கைகளையும் பிடித்துக்கொண்டாள். "நான் ஒருதரம் பெத்தேன். நீ ரெண்டாந்தரம் பெத்துட்டடி" என்றாள். அப்பாவின் அடக்கத்துக்கு வராத மகள் அந்த நிமிஷத்தோடு காணாமல் போனாள். அப்போதே சொல்லியிருக்கலாம். ரெஜினா பிழைத்தாயிற்று, இனி பொய் எதற்கு? எனக்கு அது தேவைப்பட்டது. அம்மாவின் கை எனக்குத் தேவைப்பட்டது. போதுமா?

நான் மஸ்கட்டுக்குத் திரும்பினேன். சில வருஷங்களுக்குப் பிறகு ஒருநாள் ரெஜினா போன் செய்தாள். அவள் குரலில் அப்படி ஒரு வெட்கத்தை நான் கேட்டதே இல்லை. காரைக்கால் பக்கத்துக்காரர், சிங்கப்பூரில் கப்பல் பட்டறையில் வேலை, பெயர் அந்தோணி. மனைவியை இழந்தவர். வைத்தியத்துக்குப் பிறகு அவளுக்குப் பிள்ளை பிறக்காது என்பதைத் தெரிந்துகொண்டுதான் பெண் கேட்கிறார். பிள்ளை வேண்டாம், துணை போதும் என்கிறார். கல்யாணம் முடிந்ததும் அங்கேயே கூட்டிப்போவாராம்.

"எனக்கு ஆசையாத்தான் இருக்குக்கா. நீ என்ன சொல்ற?"

அம்மாவுக்கு அப்போது சர்க்கரை முற்றிக் கண் மங்கியிருந்தது. ரெஜினா போய்விட்டால் நான் வேலையை விட்டுவிட்டு வரவேண்டும். என் பையன் அப்போதுதான் கல்லூரியில் சேர்ந்திருந்தான். இதையெல்லாம் சொல்லியிருந்தால்கூடப் பரவாயில்லை. நியாயமான பேச்சாக இருந்திருக்கும். இரண்டு பேரும் சண்டை போட்டு ஒரு வழி கண்டிருப்போம்.

நான் சொன்னது வேறு. "என் ரத்தத்தக் குடுத்து உன்னய எழுப்புனேன். அம்மாவ இப்புடி வுட்டுட்டுப் போறதுக்கா எழுப்புனேன்?"

"சரிக்கா" என்றாள்.

ஒரே ஒரு சரிக்கா. அதற்குமேல் அந்தப் பேச்சை அவள் எடுக்கவே இல்லை. அந்தோணி வேறு இடத்தில் கட்டிக்கொண்டார் என்று யாரோ சொன்னார்கள். அம்மா சாகும்வரை ரெஜினாதான் குளிப்பாட்டி, ஊசி போட்டு, புண்ணைக் கழுவினாள். நான் மஸ்கட்டில் மற்றவர்களின் தாய்மார்களைக் குளிப்பாட்டிச் சம்பளம் வாங்கினேன்.

உயிரைக் காப்பாற்றச் சொன்ன பொய் வேறு, அன்று போனில் சொன்னது வேறு என்று எனக்கு நானே எத்தனையோ முறை வாதாடிவிட்டேன். முதலாவதற்கு நான் தலைகுனிய மாட்டேன். இரண்டாவதை என்ன செய்வது? அதற்கு எந்த நியாயமும் என்னிடம் இல்லை. அவளுக்குச் சொந்தமானதையே அவளிடம் காட்டி அவளை மிரட்டியிருக்கிறேன்!

இப்போது, கணவரும் பையனும் அங்கேயே இருக்க, நான் மட்டும் வேலையை விட்டு ஊருக்கே வந்துவிட்டேன். அம்மா போன வீட்டில் நாங்கள் இரண்டு பேர்தான். மீனில் நடுத்துண்டு எனக்கு. காலை நீட்டினால் கேட்காமலேயே பிடித்துவிடுகிறாள். பொறுக்க முடியாமல், போன மாதம் ஒரு மதியம் சாம்பார் வெங்காயம் உரித்துக்கொண்டிருக்கும்போது சொல்லிவிட்டேன்.

"ரெஜி, அன்னிக்கி ஏத்துனது என் ரத்தமில்லடி. உன்னோடதுதான். உன்கிட்ட எடுத்ததத்தான் உனக்கே ஏத்துனாங்க. நான் பொய் சொன்னேன்."

அவள் சிரித்தாள். "எனக்குத் தெரியாதா உன்னய? நான் கடன்பட்ட மாதிரி கெடக்குறேன்னு உனக்கு மனசு கேக்கல. அதான் இப்புடி ஒரு கதை கட்டுற."

"கதை இல்லடி. சத்தியமா."

உரித்துக்கொண்டிருந்த கை நின்றது. சிரிப்பு மட்டும் உதட்டில் அப்படியே இருந்தது.

"அது என்னோடதுதான்னா... அப்ப நான் ஏன்க்கா அவரோட போகல?"

என் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"சும்மா சொன்னேன்டி. வெங்காயத்த உரி" என்றேன்.

அடக்கியிருந்த மூச்சை அவள் மெல்ல விட்டாள். "அதானே பாத்தேன்" என்று அடுத்த வெங்காயத்தை எடுத்தாள். நானும் உரித்தேன்.