எதிரணிக்கு ஓர் ஆள்

கால்பந்தில் எனக்குத் தெரிந்தது இரண்டே விஷயம். பந்தைக் கையால் தொடக்கூடாது. எங்கள் சந்தில் பிரேசிலைக் குறை சொல்லக்கூடாது. ஆஃப்சைடு என்றால் என்ன என்று பலர் எனக்கு விளக்கியிருக்கிறார்கள். மருத்துவர் ஸ்கேனைக் காட்டிப் பேசும்போது தலையாட்டுவேனே, அப்படி ஆட்டி வைத்திருக்கிறேன்.

இருந்தாலும் நான் பிரேசில்காரன். மலையாள நாட்டுத் தலைநகரில், சாலைக் கடைவீதிக்குப் பின்னால் இருக்கும் எங்கள் சந்தில் பாதிப் பேர் பிரேசில், மீதிப் பேர் அர்ஜென்டினா. பிரேசில் பக்கம் டீயோடு பழம்பொரியும் கொடுத்தார்கள் என்பதைத் தவிர என் தேர்வுக்கு வேறு காரணம் கிடையாது. யார் தமிழ், யார் மலையாளம் என்று மட்டும் அங்கே ஒருவரும் பார்த்ததில்லை. எனக்கே சில சமயம் சந்தேகம் வரும். என் பைப் கடையில் ஒரே வாடிக்கையாளரிடம் ஒரே வாக்கியத்தை இரண்டு மொழியில் பேசி முடிப்பவன் நான்.

உலகக் கோப்பையில் இரண்டு நாடுகளும் தோற்று, சந்து முழுக்கத் துக்கம் காத்துக்கொண்டிருந்த வருடம் அது. அப்போதுதான் நம் நாட்டிலேயே ஊருக்கொரு அணி வைத்துப் புதிதாக ஒரு லீக் தொடங்கினார்கள். எங்களுக்கென்று வாய்த்தது கொச்சி அணி. “கொச்சிக்காரன் நமக்கு ஆரு?” என்று கொஞ்ச நாள் முணுமுணுத்துவிட்டு, வேறு வழியில்லாமல் எல்லாரும் கொச்சிக்காரர்கள் ஆனோம்.

வினையே அதில்தான் வந்தது. எங்கள் சந்துக் கிளப் கூடத்தில் திரை கட்டி முதல் ஆட்டம் பார்த்தோம். கொச்சி கோல் போட்டது. எல்லாரும் குதித்தோம். குதித்துவிட்டுத் திரும்பி, பக்கத்தில் இருப்பவனைப் பழிக்கப் பார்த்தால், அவனும் குதித்துக்கொண்டிருந்தான். மாப்பிள்ளை வீட்டார் வராத கல்யாணம் மாதிரி இருந்தது. இத்தனை வருடம் முகத்துக்கு முகம் திட்டிக்கொண்டவர்கள் என்ன செய்வதென்று தெரியாமல் ஒருவருக்கொருவர் வேர்க்கடலை நீட்டினார்கள்.

“எதிர்ல ஆள் இல்லாம என்ன ஓய் ஆட்டம்?” என்றார் டிராயிங் சார். கோட்டைக்குள் அக்ரகாரத்திலிருந்து வரும் ஓய்வுபெற்ற ஆசிரியர். அர்ஜென்டினா பக்கத்துக்குத் தலைவர்.

அடுத்த ஆட்டம் சென்னையோடு. “அப்போ சென்னைக்கு ஒரு ஆள் வேணும், அல்லே?” என்றான் ஆட்டோ ஓட்டும் என் சிநேகிதன். அவன்தான் பிரேசில் பக்கத்துத் தலைவன்.

கூடத்தில் தமிழ் பேசும் அத்தனை பேரும் ஒரே நேரத்தில் மின்விசிறியைப் பார்த்தார்கள்.

“நாங்க வள்ளியூராக்கும். வள்ளியூர் சென்னையில இல்ல, கேட்டியா” என்று சிநேகிதனே முதலில் கழன்றுகொண்டான்.

“எங்காத்துல தஞ்சாவூரை விட்டே எத்தனையோ தலைமுறையாச்சு” என்றார் சார்.

பிறகு சிநேகிதன் என்னைப் பார்த்தான். “லே, உன் மாமனார் வீடு எங்க?”

“தாம்பரம்.”

சொன்ன பிறகுதான் உறைத்தது. “தாம்பரம் சென்னையே இல்லலே, அது காஞ்சிபுரம் ஜில்லா” என்று வாதாடிப் பார்த்தேன். அதற்குள் கைதட்டிவிட்டார்கள்.

அடுத்தது சட்டைப் பிரச்சினை. கொச்சிக்கு மஞ்சள், சென்னைக்கு நீலம். பிரேசில்காரர்களுக்குச் சிக்கலில்லை, இருந்த மஞ்சளையே போட்டுக்கொண்டார்கள். மஞ்சளைக் கண்டாலே பித்தம் தலைக்கேறுகிறது என்று சொல்லிவந்த சார்தான் பாவம். கடைசியில் என் பிரேசில் சட்டையை அவர் வாங்கிக்கொண்டு, தம் நீல அர்ஜென்டினா சட்டையை எனக்குக் கொடுத்தார்.

“இதுல வெள்ளைக் கோடு இருக்கே சார்?”

“வயித்தை எக்கிண்டு நின்னா தெரியாது ஓய்.”

எக்கிக்கொண்டுதான் வீட்டுக்குப் போனேன். தாம்பரத்திலேயே பிறந்து வளர்ந்த என் மனைவி மஞ்சள் துப்பட்டாவோடு நின்றாள். “நீயாவது என் பக்கம் வரக்கூடாதா?” என்றேன். “நான் இங்கதாங்க ரேஷன் வாங்கறேன்” என்றாள்.

எல்லாம் விளையாட்டுத்தான். ஆனாலும் ஆட்டத்தன்று கூடத்தின் கடைசியில் தனியாக ஒரு நாற்காலி போட்டு, “சென்னை, நீ இங்க இரி” என்றபோது நாற்காலியைக் கூட்டத்தின் பக்கம் ஒரு சாண் இழுத்துப் போட்டுத்தான் உட்கார்ந்தேன். பிறந்ததிலிருந்து இதே சந்து. இந்தக் கூட்டத்தில் ஒருவனாக இருக்கத்தான் புரியாத ஆட்டத்தை இத்தனை காலம் பார்த்திருக்கிறேன். இப்போது விளையாட்டாகவே வெளியே உட்கார்த்திவிட்டார்கள். விளையாட்டு முடிந்ததும் உள்ளே கூப்பிடுவார்களா என்று எப்படிக் கேட்பது?

கொச்சிதான் முதலில் கோல் போட்டது. பழக்க தோஷம், எல்லாருக்கும் முன்னால் நான் குதித்தேன். கூடமே திரும்பியது.

“லே சென்னை! நீ எதுக்கு துள்ளுத?”

உட்கார்ந்தேன். அடுத்து சென்னை போட்டது. “கத்தும் ஓய்!” என்று என் மஞ்சள் சட்டைக்குள்ளிருந்து சார் அதட்டினார். “கோல்” என்றேன், கடையில் வாஷர் தீர்ந்துபோச்சு என்று சொல்லும் குரலில். கொஞ்ச நேரத்தில் சென்னைக்கே இன்னொரு கோல். ஆட்டம் முடிந்தது. சென்னை ஜெயித்துவிட்டது.

மெதுவாகச் செருப்பைத் தேடினேன். சார் வாசலை மறித்தார். “எங்க போறீர்? ஊர்வலம்?”

எங்கள் சந்தில் அது கட்டாயம். ஜெயித்த பக்கம் தோற்றவர்கள் வீட்டு வாசல் வழியாகக் கொட்டடித்துப் போக வேண்டும்.

“நான் ஒருத்தன்தானே சார்?”

“ஒருத்தன்னா ஒருத்தன். முறைன்னு ஒண்ணு இருக்கோல்லியோ.”

செண்டையை என் கழுத்தில் மாட்டினார்கள். எனக்கு அடிக்கத் தெரியாது. பாத்திரக்கடைக்குள் பூனை விழுந்த மாதிரி தட்டிக்கொண்டு நடந்தேன். என் மனைவி கேட்டில் நின்று, “வெக்கமா இல்ல?” என்று கேட்டுவிட்டுக் கேட்டைச் சாத்தினாள். நிஜமாகச் சாத்தினாளா விளையாட்டுக்கா என்று இன்றுவரை கேட்கவில்லை. பின்னால் மஞ்சள் கூட்டம் முழுவதும் கூவிக்கொண்டே வந்தது. என்னைத் துரத்துகிறார்களா, என்னோடு வருகிறார்களா என்று புரியாமல், நடையைக் கூட்டுவதா குறைப்பதா என்றும் தெரியாமல், சந்து முனைவரை போய்விட்டேன்.

அங்கே லாரியிலிருந்து அரிசி மூட்டை இறக்கிக்கொண்டிருந்தவர் எங்களைப் பார்த்துத் திகைத்து நின்றார். “ஆரு ஜயிச்சது?”

சிநேகிதன் என் தோளில் கை போட்டான். “நம்ம ஆளு ஜயிச்சான். நாங்க தோத்தோம்.”

“பின்னே, உங்க டீம் எது?”

சிநேகிதன் மஞ்சளில் நின்ற சாரைப் பார்த்தான். அர்ஜென்டினாவில் நின்ற என்னைப் பார்த்தான்.

“நீ கொட்டுலே” என்றான் என்னிடம்.