கை நனைக்காத தலைவர்

பிராண்டே என்ற இந்தச் சிற்றூரில் எங்கள் வீட்டு வாசலில் காரை நிறுத்தி, கண்ணாடியை ஏற்றிவிட்டு, உள்ளே இருந்தபடி பாணும் பாற்கட்டியும் தின்ற ஒரே மனுசர் என் பெரியப்பாதான். அன்று அவருடைய சொந்தத் தம்பியின், அதாவது என் அப்பாவின், அறுபதாவது பிறந்தநாள்.

எல்லாம் ஓர் இத்தாலிக்காரரால் வந்த வினை. யாழ்ப்பாணத்தில் சட்டத்தரணியாக இருந்த பெரியப்பா, புலம்பெயர்ந்து வந்த இந்த ஐரோப்பிய நாட்டில் தொழிற்சாலையில் வேலை செய்து ஓய்வு பெற்றவர். பல நூறு ஆண்டுகளுக்கு முன் வாழ்ந்த ஓர் இத்தாலிய வழக்கறிஞரின் வரலாற்றை நூலகத்தில் எடுத்து வாசித்தார். அவர் வேற்றூருக்கு நீதிபதியாகப் போனவராம். பதவியில் இருக்கும்வரை அவ்வூரில் எவர் வீட்டிலும் கை நனைக்கக் கூடாதாம். பதவி முடிந்தால், தன்மேல் வரும் முறைப்பாடுகளுக்குப் பதில் சொல்லிவிட்டுத்தான் ஊரைவிட்டுப் புறப்படலாமாம். நல்லது, வாசித்துவிட்டு மூடிவைக்க வேண்டியதுதானே! பக்கத்து நகரமான வைலேயின் தமிழ்ச் சங்கத்துக்குத் தலைவரானதும், தானும் அப்படித்தான் என்று தொடங்கிவிட்டார். சங்கமென்றால் என்ன, ஒரு பொங்கல் விழா, பிள்ளைகளுக்குத் தமிழ் வகுப்பு. இதில் யார் இவருக்குச் சோறு போட்டு மயக்கப்போகிறார்கள்?

அப்பாவும் சங்க உறுப்பினராம். அதனால் அவர் வீட்டிலும் சாப்பிடக் கூடாதாம். அப்பா சோறும் கறியும் போட்ட சாப்பாட்டுக் கோப்பையோடு காரடிக்குப் போனார். "அண்ணை, ஒரு வாய் எண்டாலும் சாப்பிடுங்கோ. தம்பி வீட்டுச் சோறு லஞ்சமோ?" என்று கண்ணாடிக்கு வெளியே நின்று கேட்டார். பெரியப்பா கையை ஆட்டி வேண்டாமென்றார். அப்பா திரும்பி வந்தார். அன்று அவரும் சாப்பிடவில்லை. அந்த மாரிக் குளிரிலேயே மாரடைப்பில் போய்விட்டார்.

பதவி முடிந்த நாள் பெரியப்பா மண்டப மேடையில் ஏறி, "என்மேல் முறைப்பாடு இருந்தால் சொல்லுங்கோ" என்றார். சனம் சிரித்தது. எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. எழுந்தேன்.

"எனக்கு இருக்கு, பெரியப்பா. அந்த இத்தாலிக்கார மனுசனை வேற ஊரிலையிருந்து கூப்பிட்டதே, அங்கை அவருக்குச் சொந்தக்காரர் ஒருத்தரும் இல்லையெண்டுதானே? உங்களுக்கு இஞ்சை தம்பி இருந்தவர்."

பெரியப்பா "ஓம் பிள்ளை" என்றார். சட்டம் படித்தவர் அதோடு மேடையைவிட்டு இறங்கினார்.

இப்போது ஞாயிறுதோறும் வருகிறார். போட்டதெல்லாம் சாப்பிடுகிறார், கேட்டும் வாங்கிச் சாப்பிடுகிறார். என் கோபம் இன்னும் ஆறவில்லை. ஆனாலும் பரிமாறுகிறேன், வேறென்ன செய்ய? போன ஞாயிறு சோற்றைப் பிசைந்துகொண்டிருந்தவர் கையை நிறுத்தி, "அண்டைக்குக் காரடிக்குத் தம்பி என்ன கறி கொண்டுவந்தவன், பிள்ளை?" என்று கேட்டார்.

அன்று அந்தக் கோப்பைக்குள் என்ன இருந்ததென்றுகூட மனுசர் பார்க்கவில்லை.